வாசலைத் திறந்துவிட்டவர் யார்?



மேல்நாட்டு இரத்தக் காட்டேரிக் கதைகளில் பழைய விதி ஒன்று உண்டு. வீட்டுக்காரர் 'உள்ளே வா' என்று அழைக்காதவரை காட்டேரியால் வாசற்படியைத் தாண்ட முடியாது. அமெரிக்காவின் எஃப்எக்ஸ் அலைவரிசையில் 2014 ஜூலை மாதம் தொடங்கிய 'தி ஸ்ட்ரெய்ன்' தொடரின் முதல் அங்கத்தைப் பார்ப்பவர்கள் இந்த விதியை மனத்தில் வைத்துக்கொண்டு பார்க்க வேண்டும். அதன் தலைப்பு 'நைட் ஸீரோ'. மெக்சிகோவைச் சேர்ந்த கில்லெர்மோ டெல் டோரோவே அதை இயக்கினார். சக் ஹோகனுடன் சேர்ந்து அவர் எழுதி, 2009இல் வெளிவந்த நாவல்தான் மூலக்கதை.

பெர்லினிலிருந்து வந்த விமானம் ஒன்று நியூயார்க் கென்னடி விமான நிலையத்தில் தரையிறங்குகிறது. இறங்கிய வேகத்தில் விளக்குகள் அணைகின்றன. வானொலித் தொடர்பு அறுகிறது. சன்னல் திரைகள் மூடிக் கிடக்கின்றன. நோய்க்கட்டுப்பாட்டு மையத்தின் மருத்துவர் இஃப்ரேம் குட்வெதரும் அவருடைய சகாவான நோராவும் பாதுகாப்பு உடை அணிந்து உள்ளே நுழைகிறார்கள். இருநூறுக்கும் மேற்பட்ட பயணிகள் தத்தம் இருக்கையில் உறங்குவதுபோல் இறந்து கிடக்கிறார்கள். போராடியதற்கான அடையாளம் எதுவும் இல்லை. நால்வருக்கு மட்டும் உயிர் இருக்கிறது.

சரக்கறையில் ஓர் ஆள் உயரத்தையும் மிஞ்சிய மரப்பெட்டி இருக்கிறது. அதில் மண் நிரம்பியிருக்கிறது. பெட்டியின் தாழ்ப்பாள் உட்புறத்தில் இருக்கிறது! இரத்தம் சிந்தும் காட்சிகளைவிட இந்தத் தாழ்ப்பாள்தான் அதிகம் நடுங்க வைக்கிறது.

'டிராகுலா' நாவலைப் படித்தவர்களுக்கு இது பழகிய காட்சியாகத் தோன்றும். 1897இல் வெளிவந்த அக்கதையில், மண் நிரப்பிய பெட்டிகளோடு ஒரு கப்பல் இங்கிலாந்தின் விட்பி துறைமுகத்தில் கரை ஒதுங்கும். கப்பல்தலைவன் சுக்கானோடு கட்டுண்டு பிணமாக இருப்பான். அந்தக் கப்பல்தான் இங்கே விமானமாகியிருக்கிறது. கொள்ளைநோய்கள் அந்தக் காலத்தில் கப்பலேறி வந்தன. இப்போது விமானத்தில் வருகின்றன. 2003இல் சார்ஸ் நோய் சிங்கப்பூருக்கு அப்படித்தான் வந்தது. 238 பேரைத் தாக்கி, 33 உயிர்களைக் குடித்துவிட்டுத்தான் அது ஓய்ந்தது.

இந்தத் தொடரின் காட்டேரிக்குச் சிலுவையைக் கண்டு பயமில்லை. நூல்போன்ற வெண்புழு ஒன்று உடலுக்குள் புகுந்து, இரத்தத்தில் கலந்து, மனிதனை உள்ளிருந்தே மாற்றிவிடுகிறது. முடி உதிர்கிறது, வாய்க்குள்ளிருந்து நீண்ட கொடுக்கு முளைக்கிறது. ஆக, இது சாபமல்ல, தொற்று. தொற்று என்றால் தனிமைப்படுத்தித் தடுத்துவிடலாமே என்ற கேள்வி வருகிறது அல்லவா? அந்தக் கேள்வியில்தான் இந்த அங்கம் தன் வலிமையைக் காட்டுகிறது.

பெட்டி ஆற்றைக் கடந்து மன்ஹாட்டனுக்குப் போக வேண்டும். ஓடும் நீரை மனிதரின் துணையில்லாமல் கடக்க அந்தத் தீய சக்தியால் ஆகாது. ஆகவே, பணத்தேவையில் இருக்கும் கஸ் என்ற இளைஞனிடம் ஒரு வேனை ஓட்டும் வேலை ஒப்படைக்கப்படுகிறது. தடுப்பு வளையத்தில் வேன் நிற்கிறது. அதைப் போக விடுபவர் ஜிம் கென்ட். குட்வெதரின் நம்பிக்கைக்குரிய சகா, எல்லாருக்கும் நல்லவர். அவருடைய மனைவிக்குப் புற்றுநோய் என்பதும், சிகிச்சைக்கு வழி செய்கிறோம் என்று ஒரு பெரும் பணக்காரரின் ஆட்கள் அவரை வளைத்துப் போட்டதும் பின்வரும் அங்கங்களில்தான் தெரியவருகின்றன. அவரைக் கயவன் என்று சொல்லிவிட்டால் நம் வேலை சுலபமாகிவிடும். ஆனால் மனைவி பிழைக்க வேண்டும் என்று ஏங்கிய கணவன் அவர். பழைய கதையின் 'உள்ளே வா' என்ற சொல், இங்கே ஓர் அதிகாரியின் தலையசைப்பாக மாறியிருக்கிறது.

ஹார்லமில் அடகுக்கடை வைத்திருக்கும் முதியவர் ஏபிரகாம் செட்ராக்கியன், நாஜி வதைமுகாமிலிருந்து உயிர் தப்பியவர். அவர் விமான நிலையத்துக்கே ஓடிவந்து, பிணங்களை அழித்துவிடுங்கள் என்று மன்றாடுகிறார். கிடைத்த பரிசு கைவிலங்கு. உண்மையைச் சொல்பவரின் சட்டை கசங்கியிருந்தால் யார் காதுகொடுக்கிறார்கள்!

குறைகள் இல்லாமல் இல்லை. குட்வெதரின் குடும்பப் பிணக்கும், மகன் யாரிடம் வளர்வது என்ற வாக்குவாதமும் ஆரம்பத்திலேயே கதையின் வேகத்தைக் கெடுக்கின்றன. பிணவறைக் காட்சியில் இன்னும் கொஞ்சம் மறைத்துக் காட்டியிருக்கலாம். சாப்பிட்டுக்கொண்டே பார்க்கத் தகுந்த தொடர் அல்ல இது.

அந்தக் குறைகளை இறுதிக் காட்சி ஈடுகட்டிவிடுகிறது. விமானத்தில் வந்தவர்களில் எம்மா என்ற சிறுமியும் ஒருத்தி. தகவல் கேட்டுக் கொதித்து நின்ற குடும்பங்களுக்கு நடுவே அவளுடைய தந்தையும் இருந்தார். உடலை எப்போது பார்ப்போம் என்பதுதான் அவர்களின் தவிப்பு. அந்தத் தவிப்பு நம் மக்களுக்குப் புதிதல்ல. சார்ஸ் காலத்தில் மருத்துவமனை வாசலோடு திரும்பியவர்களும், 2020இல் கோவிட் பரவியபோது பெற்றவரின் முகத்தைக் கடைசியாக ஒருமுறை பார்க்க முடியாமல் போனவர்களும் இந்தக் காட்சியைப் பார்க்கையில் கண் கலங்காமல் இருக்க முடியாது. நோய்த்தடுப்பு விதி சரியானதுதான். ஆனால் விதியைக் கேட்டு மனம் அடங்கிவிடுகிறதா?

இரவில் தனிமையில் உட்கார்ந்திருக்கிறார் அந்தத் தந்தை. வெளியே எம்மா நிற்கிறாள். முகம் வெளுத்திருக்கிறது. இறந்துவிட்டாள் என்று அதிகாரிகள் சொன்ன பிள்ளை எப்படி நடந்து வந்தாள் என்று அவர் கேட்கவில்லை. எந்தத் தகப்பன் கேட்பான்? உள்ளே சேர்த்துக்கொண்டு, வாரி அணைத்துக்கொள்கிறார். உடம்பு சில்லிட்டிருக்கிறதே என்றுதான் அவருக்குக் கவலை.