மேடை தந்த பெயர்
(பத்தாம் ஆண்டு நிறைவு விழாவில் ஆற்றிய உரை)



காவிரியின் அக்கரைத் திருவரங்கத்தாரும் இக்கரைத் திருச்சிராப்பள்ளியாரும் பத்தாண்டுகளாகக் கூடிக் கவிதை வளர்த்துவரும் இவ்வரங்கில், நான் பேச எடுத்துக்கொண்டது நாடகம். முத்தமிழில் மூன்றாவதற்கு நாம் பந்தியின் கடைசி இலையையே போட்டு வந்திருக்கிறோம். அக்குற்றத்தில் எனக்கும் பங்குண்டு.

முனைவர் பட்டத்திற்கு நான் ஆய்ந்தது தமிழ் நாடகமே. ஆயினும் நூலாக அச்சேறியவற்றை மட்டுமே எடுத்துக்கொண்டேன். சபா மேடைகளில் வாழ்ந்து திரைக்குச் சென்றவை என் ஆய்வெல்லைக்குள் வரவில்லை. அதனால் இம்மண்ணில் பிறந்த ஒருவரை விட்டுவிட்டேன். அவர் 'வியட்நாம் வீடு' சுந்தரம்.

திருச்சிராப்பள்ளியில் பிறந்த அவர், சென்னையில் டன்லப் தொழிற்சாலையில் பணியாற்றியவர்; ஒய்.ஜி. பார்த்தசாரதியின் நாடகக் குழுவோடு தொடர்பு கொண்டு மேடையை அறிந்தவர். அவருடைய 'வியட்நாம் வீடு' நாடகத்தைச் சிவாஜி நாடக மன்றம் மேடையேற்றியது, 1970-இல் பி. மாதவன் இயக்கத்தில் அது திரைப்படமாயிற்று. மேஜர் சுந்தரராஜன் மேடையேற்றிய 'ஞான ஒளி' 1972-இல் திரைக்கு வந்தது. 'கண்ணன் வந்தான்' 1973-இல் 'கௌரவம்' ஆயிற்று. அப்படத்தை இயக்கியவரும் சுந்தரமே. மூன்று படங்களிலும் நாயகர், நம் சங்கிலியாண்டபுரத்தில் வளர்ந்த சிவாஜி கணேசன். 2016-இல் சுந்தரம் மறைந்தார். படைப்பின் பெயரே படைத்தவனுக்கு முன்பெயராகும் பேறு எத்தனை பேருக்கு வாய்த்திருக்கிறது?

தொல்காப்பியர் மெய்ப்பாட்டியலில் பெருமிதம் பிறக்கும் களன்களாகக் கல்வி, தறுகண், இசைமை, கொடை என நான்கைச் சொல்வார். பழி வருமெனில் பெரும்பயனையும் மறுப்பதே இசைமை என்பது உரையாசிரியர் காட்டும் நெறி. 'பிரெஸ்டீஜ்' பத்மநாபனின் பெயருக்கு முன்னே நிற்பது அந்த இசைமையே. ஓய்வு பெற்றபின் வீட்டில் அதற்கு இடமில்லாமற் போவது முதல் நாடகம். நீதிபதிப் பதவி கிட்டாத பாரிஸ்டர் ரஜினிகாந்த், காயப்பட்ட பெருமிதத்தால் குற்றவாளிக்காக வாதாடத் துணிவதும், வளர்த்த மகனே எதிர்த்து நிற்பதும் மற்றது. முன்னதில் இசைமை காக்கப்பட்டுத் துன்புறுகிறது. பின்னதில் அது செருக்காகித் தன்னையே அழிக்கிறது. ஒரு மெய்ப்பாட்டின் இரு முகங்களை ஒருவரே எழுதியிருக்கிறார்.

இதை நான் நூலகத்தில் உணரவில்லை. 1999-இல் என் தந்தையார் பொன்மலைப் பணிமனையிலிருந்து ஓய்வு பெற்றார்கள். அவ்வாண்டு ஒரு ஞாயிறன்று தொலைக்காட்சியில் 'வியட்நாம் வீடு'. பத்மநாபனின் சொல்லுக்கு வீட்டில் மதிப்புக் குறையும் கட்டம் வந்ததும் அப்பா எழுந்து வாசலுக்குப் போய்விட்டார்கள். அம்மா பெட்டியை நிறுத்தவில்லை. ஒலியை மட்டும் குறைத்தார்கள். மறுநாள் கல்லூரிக் கட்டணத்தை, வழக்கம்போல் அம்மாவிடம் கேளாமல், அப்பாவிடம் கேட்டு வாங்கினேன். நான் பிற்காலத்தில் இலக்கியமன்று என ஒதுக்கிய ஓர் உரையாடல் செய்த வேலை அது.

ஸ்பெயின் நாட்டின் லோர்க்கா எழுதிய 'இரத்தத் திருமணம்' 1933-இல் மேடையேறியது. 1981-இல் கார்லோஸ் சவுரா அதனை நடனப் படமாக்கினார். படம் வந்ததால் நாடகநூல் மறையவில்லை. உலகெங்கும் அது இன்றும் படிக்கப்படுகிறது, நடிக்கப்படுகிறது. திரை நாடகத்தை விழுங்குவதில்லை. பிரதியைப் பேணாத நம் அசட்டையே விழுங்குகிறது.

ஆகவே இவ்விலக்கிய வட்டத்திற்கு ஒரு விண்ணப்பம். நம் நகரில் மேடை கண்ட முதியவர்கள் இன்னும் இருக்கிறார்கள். பரணில் கிடக்கும் கையெழுத்துப் பிரதிகளைத் தேடுவோம். நினைவில் உள்ள உரையாடல்களை ஒலிப்பதிவு செய்வோம். முதல் வீட்டின் கதவைத் தட்ட நானே வருகிறேன். என் ஆய்வேட்டில் விடுபட்ட இயலை அங்கிருந்துதான் தொடங்கவேண்டும்.