நுரையீரல் இல்லாத பிராணியும் பல் நிறைந்த பெயரும்
(முன்னாள் மாணவர் சங்க ஒன்றுகூடலில் ஆற்றிய உரை)



"ஆளுக்குப் பத்து நிமிஷம். அவரவர் துறையில் ஏதாவது ஒன்றைப் பேசுங்கள். ஆனால் பாடம் நடத்திவிடாதீர்கள்" என்று நம் செயலாளர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். முப்பது வருஷம் பாடம் நடத்தியே பிழைத்தவனிடம் இப்படிச் சொன்னால் அவன் என்னதான் செய்வான்? ஆகவே ஒரே ஒரு வார்த்தையைப் பற்றி மட்டும் பேசுகிறேன். அந்த வார்த்தையில் நான் செய்த தப்பையும் சொல்லிவிடுகிறேன்.

வார்த்தை இதுதான்: பிளெதொடான்டிடே. விலங்கியல் படித்தவர்கள் சிரிக்கிறீர்கள். வணிகவியல்காரர்கள் பயப்பட வேண்டாம். இது சாலமாண்டர்களில் ஒரு குடும்பத்தின் பெயர், அவ்வளவுதான். சாலமாண்டர் பார்க்கப் பல்லி மாதிரி இருக்கும். ஆனால் தவளைக்குத்தான் சொந்தம். செதில் கிடையாது, ஈரமான வழுவழுப்பான தோல். நம் தென்னிந்தியாவில் சாலமாண்டரே இல்லை. இந்தியாவில் பார்க்க வேண்டுமானால் டார்ஜீலிங் பக்கம் போக வேண்டும். அங்கே இருப்பதற்கும் நுரையீரல் உண்டு. அது வேறு குடும்பம்.

இந்தக் கல்லூரியில் நாங்கள் படித்தபோது வகைப்பாட்டியல் என்றால் மனப்பாடம்தான். 'பிளெதொடான்டிடே: நுரையீரல் இல்லாத சாலமாண்டர்கள்' என்று நோட்டில் ஒரு வரி. அந்த வரி சரியானது. பிற்பாடு நான் வேறொரு ஊரில் ஆசிரியரானபோது அதையே கொஞ்சம் மாற்றி, 'பிளெதொடான்டிடே என்றால் நுரையீரல் இல்லாதவை என்று பொருள்' என்று எழுதிப் போட்டேன். 'பொருள்' என்ற ஒரு சொல்லை நானாகச் சேர்த்தேன். பல வருஷம் அப்படியே ஓடியது.

ஒருநாள் கடைசி பெஞ்சிலிருந்து ஒரு பையன் எழுந்தான். "சார், பல் டாக்டர் போர்டுல 'ஆர்த்தோடான்டிஸ்ட்'னு போட்டிருக்கே, அதுல வர்ற 'டான்ட்' பல்லுதானே? அப்ப இதுல நுரையீரல் எங்க சார் வருது?" என்று கேட்டான்.

வகுப்பே சிரித்தது. எனக்குப் பதில் தெரியவில்லை. தெரியவில்லை என்று சொல்லவும் வாய் வரவில்லை. "அதெல்லாம் பரீட்சைக்கு வராது, உட்காரப்பா" என்றேன். அவனும் உட்கார்ந்துவிட்டான்.

பையன் சொன்னதுதான் சரி. கிரேக்க மொழியில் 'பிளெதோஸ்' என்றால் நிறைவு, ஏராளம். 'ஒடோன்' என்றால் பல். மாஸ்டோடான், இகுவானோடான் என்ற பெயர்களில் வருவதும் இதே பல்தான். ஆக, பிளெதொடான் என்றால் 'பல் நிறைந்தது'. இதன் மேலண்ணத்தில் பொடிப்பொடியாக ஏகப்பட்ட பற்கள் இருக்கும். அதைப் பார்த்துத்தான் 1838-இல் சுவிட்சர்லாந்துக்காரரான சூடி, பிளெதொடான் என்ற பேரினப் பெயரை வைத்தார். 1850-இல் லண்டனில் ஜான் எட்வர்ட் கிரே அதிலிருந்து பிளெதொடான்டிடே என்ற குடும்பப் பெயரை உண்டாக்கினார்.

அப்படியானால் நுரையீரல் எங்கே போயிற்று? பெயர் வைத்தவர்களுக்கு அந்த விஷயமே தெரியாது என்பதுதான் வேடிக்கை. 1894-இல் ஹாரிஸ் வைல்டர் என்ற அமெரிக்கர்தான் நுரையீரல் இல்லாத சாலமாண்டர்கள் உண்டு என்று முதலில் எழுதினார். சூடி பெயர் வைத்து 56 வருஷம் கழித்து! அந்தக் குடும்பத்தின் மிகப் பெரிய விசேஷம் வெளியே வந்தபோது, பெயர் ஏற்கெனவே பல்லுக்குப் போய்விட்டது.

நுரையீரல் இல்லாமல் எப்படி மூச்சு விடும் என்று கேட்பீர்கள். தோல் வழியாகவும், வாய்க்குள் இருக்கும் மெல்லிய சவ்வு வழியாகவும்தான். தோல் ஈரமாக இருந்தால்தான் ஆக்சிஜன் உள்ளே போகும். காய்ந்துவிட்டால் மூச்சு முட்டிச் செத்துப்போகும். அதனால்தான் இவை ஈர மண்ணையும், இலைச் சருகையும், கல்லடியையும் விட்டு வெகுதூரம் போவதில்லை. செம்முதுகு சாலமாண்டரின் கருவில் நுரையீரல் உருவாகத் தொடங்கி, பிறகு அதுவாகவே அழிந்துபோகிறது என்று 2022-இல் வெளியான ஓர் ஆய்வு காட்டியது. ஏன் இழந்தன என்பதில் மட்டும் விவாதம் இன்னும் தீரவில்லை. வேகமாக ஓடும் மலை ஓடையில் காற்று நிரம்பிய நுரையீரல் மிதக்க வைத்து அடித்துக்கொண்டு போய்விடும், அதனால் குறைந்தது என்பது வைல்டரும் டன்னும் சொன்ன ஒரு கருத்து.

சரி, பெயர் எதுவானால் என்ன, இரண்டும் ஒரே பிராணியைத்தானே குறிக்கின்றன என்று தோன்றலாம். அங்கேதான் சிக்கல். பிளெதொடான்டிடே குடும்பத்தில் எல்லாவற்றுக்கும் நுரையீரல் இல்லை, சரி. ஆனால் நுரையீரல் இல்லாததெல்லாம் அந்தக் குடும்பம் அல்ல. ஜப்பானிலும் கொரியாவிலும் வாழும் ஓனிகோடாக்டைலஸ் சாலமாண்டருக்கும் நுரையீரல் கிடையாது. அது வேறு குடும்பம். காலே இல்லாத இருவாழ்வி ஒன்று, அட்ரிடோகோவானா என்று பெயர், தென் அமெரிக்க ஆறுகளில் இருக்கிறது. அதற்கும் நுரையீரல் இல்லை. அது சாலமாண்டரே இல்லை.

இல்லாததை வைத்து அடையாளம் சொல்வதில் இன்னொரு ஆபத்தும் உண்டு. போர்னியோவில் ஒரு தவளைக்கு நுரையீரலே இல்லை என்று 2008-இல் அறிவித்தார்கள். உலகமே வியந்தது. 2024-இல் ஸ்கேன் எடுத்து உள்ளே பார்த்தால், நுரையீரல் இருக்கிறது! 'இல்லை' என்று சொல்வதற்கு முன் நன்றாகத் தேட வேண்டியிருக்கிறது.

பிளெதொடான்டிடே குடும்பத்தை வெளியிலிருந்தே கண்டுபிடிக்க வேறு அடையாளம் உண்டு. மூக்குத் துவாரத்திலிருந்து மேலுதடு வரை இருபக்கமும் ஒரு மெல்லிய பள்ளம் ஓடும். மண்ணைத் தொட்டுத் தொட்டு நடக்கும்போது, அங்கே உள்ள வாசனைப் பொருளை மூக்குக்கு ஏற்றிக் கொடுக்கும் வாய்க்கால் அது.

இந்தக் குடும்பத்தில் 500 சிற்றினங்களை மிஞ்சும். பெரும்பாலும் அமெரிக்கக் கண்டங்களில், மிச்சம் கொஞ்சம் இத்தாலிப் பக்கத்தில். ஆசியாவில் இல்லவே இல்லை என்றுதான் புத்தகங்களில் இருந்தது. 2003-இல் தென் கொரியாவின் டேஜான் நகரில் ஆசிரியராக இருந்த ஸ்டீபன் கார்சன் என்ற அமெரிக்கர், மாணவர்களோடு போன இடத்தில் கல்லைப் புரட்டிப் பார்த்தார். அடியில் ஒரு சாலமாண்டர். 2005-இல் 'நேச்சர்' இதழில் செய்தி வந்தது: ஆசியாவின் முதல் பிளெதொடான்டிட். அவர் பெயராலேயே அதற்குக் கார்செனியா என்று பெயர் வைத்தார்கள். கல்லைப் புரட்டியவர் ஒரு பள்ளி வாத்தியார் என்பதில் எனக்குத் தனி சந்தோஷம்.

வார்த்தையை எப்படிப் பயன்படுத்த வேண்டும் என்பதையும் சொல்லிவிடுகிறேன். பிளெதொடான் என்பது ஒரு பேரினம் மட்டும். பிளெதொடான்டிடே என்பது முழுக் குடும்பம். பிளெதொடான்டிட் என்றால் அந்தக் குடும்பத்து உறுப்பினர் யாராவது ஒருவர். வீட்டுப் பெயருக்கும் வம்சப் பெயருக்கும் உள்ள வித்தியாசம்தான். இது வெறும் இலக்கணம் அல்ல. சாலமாண்டர் தோலைத் தின்னும் ஒரு பூஞ்சையை 2013-இல் ஐரோப்பாவில் கண்டறிந்தார்கள். அது தங்கள் நாட்டுக்குள் வரக்கூடாது என்று 2016-இல் அமெரிக்கா 20 பேரினங்களின் இறக்குமதிக்குத் தடை போட்டது. அந்தப் பட்டியலில் பிளெதொடான் இருந்தது. பிளெதொடான்டிடே குடும்பத்தின் எல்லாப் பேரினங்களும் இல்லை. சட்டம் படிப்பவர் இரண்டையும் ஒன்றென்று எண்ணினால் என்ன ஆகும்? தோலாலேயே மூச்சு விடும் பிராணிக்குத் தோல் நோய் என்றால் சும்மாவா?

"பொருந்தாத பெயரை மாற்றிவிடலாமே" என்று கேட்கலாம். விலங்கியல் பெயர்ச் சட்டம் அதற்கு இடம் கொடுப்பதில்லை. முதலில் முறையாக வைத்த பெயர்தான் நிற்கும். பொருள் பொருந்தவில்லை என்பது காரணமாகாது. 1834-இல் ஒரு தொல்லெலும்புக்கு 'அரச பல்லி' என்ற பொருளில் பேசிலோசாரஸ் என்று பெயரிட்டார்கள். பிறகு பார்த்தால் அது திமிங்கிலம்! ரிச்சர்டு ஓவன் வேறு பெயர் வைத்துப் பார்த்தார். செல்லவில்லை. கறுப்பான பிள்ளைக்கு வெள்ளைச்சாமி என்று பெயர் இருந்தால், ரேஷன் கார்டில் அடித்து எழுதவா முடியும்?

ஆனால் பெயருக்கு என்ன பொருள், பிராணிக்கு என்ன குணம் என்று இரண்டையும் பிரித்துச் சொல்ல ஆசிரியனால் முடியும். அதை நான் செய்யவில்லை. தமிழில் எழுதுகிறவர்களுக்கும் என் வேண்டுகோள் இதுதான். 'நுரையீரலற்ற சாலமாண்டர்' என்று தாராளமாக எழுதுங்கள். நல்ல தமிழ், உண்மையான தமிழ். அதைப் பிளெதொடான்டிடே என்பதன் மொழிபெயர்ப்பு என்று மட்டும் போட்டுவிடாதீர்கள்.

அந்தப் பையன் கேட்டது மார்ச் மாதத்தில். நான் அகராதியைப் புரட்டி உண்மையைத் தெரிந்துகொண்டபோது வகுப்புகள் முடிந்து, அவர்கள் பரீட்சை எழுதிவிட்டுப் போய்விட்டார்கள். அடுத்த வருஷத்திலிருந்து நோட்டைத் திருத்தினேன். "இது ஒரு மாணவர் கண்டுபிடித்த தப்பு" என்று சொல்லித்தான் ஒவ்வொரு செட்டுக்கும் நடத்தினேன். ஆனால் அவனிடம் சொல்ல முடியவில்லை. அவன் எங்கே இருக்கிறானோ, அந்தக் கேள்வி அவனுக்கு நினைவிருக்கிறதோ இல்லையோ. 'உட்காரு' என்று நான் சொன்னது நினைவிருக்கும் என்றுதான் பயம்.

நம்மில் பலர் ஆசிரியர்கள். ஆசிரியர் அல்லாதவர்களும் வீட்டில் பிள்ளைகள் கேள்வி கேட்கும் வயதைக் கடந்து வந்தவர்கள். அடுத்த முறை பதில் தெரியாத கேள்வி வந்தால், "தெரியலைப்பா, பார்த்துச் சொல்றேன்" என்று சொல்வோம். அந்த மூன்று வார்த்தையை அன்றைக்கு நான் சொல்லியிருக்கலாம்.

செயலாளர் கடிகாரத்தைப் பார்க்கிறார். பாடம் நடத்தாமல் முடித்துவிட்டேன் என்று நம்புகிறேன்.