வேஷம் யாருக்கு?

(வில்லியனூரில் வாலிபர்களுக்காக நடைபெற்ற மாலை வகுப்பில் ஆற்றிய உரையின் சுருக்கம்)



இன்றைய வகுப்புக்கு ஏரிப் பாசனத்தைப் பற்றிப் பேசுவதாகத்தான் நாம் உத்தேசித்திருந்தோம். சினிமாவைப் பற்றிப் பேசும் எண்ணமே இல்லை. ஆனால் சென்ற ஞாயிற்றுக்கிழமை பாகூரில் நடந்த ஒரு விஷயம் நம்மைச் சினிமாவுக்கு இழுத்துவிட்டது.

அன்று காலை வாய்க்கால் பிரச்னைக்காகக் கூட்டம் போட்டிருந்தோம். வந்தவர்கள் ஏழு பேர். கூப்பிடு தூரத்தில் டீக்கடை. அங்கே இருபது வாலிபர்கள்! என்ன விவாதம்? 'எந்திரன்' படத்துக்கு மூன்றாம் பாகம் வருமா, வந்தால் சிட்டி ரோபோ வேஷம் யாருக்கு? ஒரு தம்பி ஒரு நடிகர் பெயரைச் சொல்கிறார்; இன்னொருவர் அடிக்க வருகிறார்.

நாமும் போய் பெஞ்சியில் உட்கார்ந்தோம். "தோழர், நீங்க சொல்லுங்க, யாருக்குக் கொடுக்கலாம்?" என்று நம்மையும் கேட்டார்கள். நாம் பதில் தேடுவதற்குள், நடவுக்குப் போகும் ஓர் ஆயா, டீ வாங்க வந்தவர், நின்று சொன்னார்: "அது கெடக்குது தம்பி. டீவியில நானும் பாத்தேன். அந்தப் பட்சிக்காரக் கெழவன் என்ன தப்புப் பண்ணான்? மனு மேல மனு குடுத்தான். ஒருத்தனும் கேக்கல. நாமளுந்தான் வாய்க்காலுக்கு மனு குடுத்தோம். நம்மள எவன் கேட்டான்?"

டீக்கடை அமைதியாகிவிட்டது. அந்த ஆயாவின் கேள்விக்குப் பதில் சொல்லத்தான் இன்று நிற்கிறோம்.

ஒரு வேஷம், மூன்று நடிகர்கள்

முதலில் தம்பிகள் கேட்ட கேள்வியையே எடுத்துக்கொள்வோம். வேஷம் யாருக்கு என்பதை யார் தீர்மானிக்கிறார்கள்? கதையா? டைரக்டரா? ரசிகர்களா?

சரித்திரத்தைப் பாருங்கள். டைரக்டர் ஷங்கர் இந்த ரோபோ கதையை 2000-ஆம் ஆண்டையொட்டி முதலில் யோசித்தபோது, கதாநாயகன் கமல்ஹாசன், நாயகி ப்ரீத்தி ஜிந்தா. ஒத்திகைப் படங்கள்கூட எடுத்தார்கள். காரியம் நின்றுபோயிற்று. பிறகு அதே வேஷம் பம்பாய்க்குப் போனது. ஷாருக்கானுடன் பேச்சு நடந்தது. அதுவும் முறிந்தது. 2008-ல்தான் ரஜினிகாந்த். முதலில் பணம் போட வந்தவர்கள் விலகியதும் சன் பிக்சர்ஸ் எடுத்துக்கொண்டது. வசனத்தில் பங்குகொண்ட எழுத்தாளர் சுஜாதா படம் வருமுன்பே காலமாகிவிட்டார். 2010 அக்டோபர் 1-ந் தேதி படம் வெளிவந்தது.

பத்து வருஷ காலத்தில் கதையின் கரு மாறவில்லை, மாறியது மார்க்கெட். எந்த முகத்தைக் காட்டினால் எத்தனை தியேட்டர் நிரம்பும், எத்தனை தேசத்தில் விற்கும் என்ற கணக்குத்தான் வேஷம் கொடுக்கிறது. அந்தக் கணக்குப் புத்தகம் நடிகரிடமும் இல்லை, டைரக்டரிடமும் இல்லை. பணம் போடுகிறவரிடம் இருக்கிறது.

இரண்டாம் பாகம் எதற்கு? விவசாயிகளுக்கு விளக்கவே வேண்டாம். சொர்ணவாரியில் நன்றாக விளைந்த விதையையே அடுத்த போகத்துக்கும் எடுத்து வைக்கிறோமல்லவா? முதலாளிக்கும் அப்படித்தான். புதிய கதை என்றால் நஷ்டபயம் உண்டு. விற்ற பெயரை மறுபடி விற்றால் பயம் குறைவு. ஆகவே முதல் பாகத்தின் முடிவில் பிரித்து மியூசியத்தில் வைத்த சிட்டியைத் திரும்ப மாட்டி எழுப்பினார்கள். அதுதான் '2.0'. பணம் போட்டது லைக்கா கம்பெனி. 2015 டிசம்பரில் படப்பிடிப்பு ஆரம்பம். செலவு 400 கோடி என்றும் 500 கோடிக்கு மேல் என்றும் பத்திரிகைகள் பலவாறு எழுதின.

இத்தனை கோடியைத் தமிழ்நாடும் புதுச்சேரியும் மட்டும் திருப்பித் தருமா? தராது. ஆகையால் வில்லன் வேஷத்துக்கு ஹாலிவுட்டின் அர்னால்ட் ஸ்வார்ஸ்நேக்கரிடம் பேசினார்கள், நடக்கவில்லை. ஹிந்தி மார்க்கெட்டின் பெரிய நடிகர் அக்ஷய்குமார் வந்தார். நாயகிக்கு இங்கிலாந்தின் ஏமி ஜாக்சன். கதாநாயகன் வேஷமே தம்மிடம் கேட்கப்பட்டதாக ஆமிர்கான் பின்னால் பகிரங்கமாகச் சொன்னார். ரஜினியைத் தவிர வேறு யாரையும் அதில் தம்மால் நினைத்துப் பார்க்க முடியவில்லை என்று மறுத்தாராம்.

தமிழுக்கு ஒரு முகம், ஹிந்திக்கு ஒரு முகம், வெளிநாட்டுக்கு ஒரு முகம். பெரிய வியாபாரி மாவட்டத்துக்கு ஒரு ஏஜெண்டைப் போடுகிறாரே, அதே மாதிரிதான்.

பட்சிராஜன் ஏன் வில்லன்?

இப்போது ஆயாவின் கேள்விக்கு வருவோம்.

படத்தில் பட்சிராஜன் ஒரு முதியவர், பறவை ஆராய்ச்சியாளர். இந்தியாவின் பறவை மனிதர் என்று உலகம் போற்றிய சலீம் அலியின் சாயலில் அமைந்த பாத்திரம். செல்போன் கோபுரங்களின் கதிர்வீச்சால் பறவைகள் சாகின்றன என்கிறார். கம்பெனிகள் வரம்பை மீறுகின்றன என்கிறார். கதவு கதவாகத் தட்டுகிறார். யாரும் கேட்கவில்லை. கடைசியில் ஒரு கோபுரத்திலேயே தூக்கு மாட்டிக்கொள்கிறார். செத்த பிறகு செல்போன்களையெல்லாம் இழுத்துச் சேர்த்துப் பெரும் பறவையாக எழுகிறார். செல்போன் வியாபாரி, டெலிபோன் முதலாளி, மந்திரி என்று ஒவ்வொருவராகக் கொல்கிறார்.

இதுவரை பார்க்கிற ஏழை ஜனங்களின் மனசு யார் பக்கம்? அந்தக் கிழவர் பக்கம்தான். ஆனால் கதாநாயகன் வேஷம் ஏற்கெனவே ரோபோவுக்கு ஒதுக்கப்பட்டுவிட்டதே! ரோபோ ஜெயிக்க வேண்டுமானால் கிழவர் தோற்றாக வேண்டும். நியாயம் பேசுகிறவர் தோற்கிறார் என்றால் ஜனங்கள் ஒப்புவார்களா? ஆகவே அவரைத் திடீரென்று செல்போன் வைத்திருக்கும் சாதாரண மக்கள்மீதே பாய வைக்கிறார்கள். முதலாளியையும் மந்திரியையும் எதிர்த்த கோபம், ஸ்டேடியத்தில் சிக்கிய ஜனங்கள்மீது திருப்பிவிடப்படுகிறது. பிறகு ரோபோ வந்து காப்பாற்றுகிறது. எல்லாம் முடிந்தபின், அவர் சொன்னதிலும் நியாயம் இருந்தது என்று ஒரு சமாதான வார்த்தை!

தோழர்களே, கேள்வி கேட்டவன் பூதம், காப்பாற்றுகிறவன் சர்க்கார் கூப்பிட்ட யந்திரம், ஜனங்கள் ஓடி ஒளிகிற கூட்டம். வேஷப் பங்கீடு என்பது நடிகர்களை மட்டும் பொறுத்ததல்ல. யார் நியாயவான், யார் அக்கிரமக்காரன் என்பதையும் அதுவே தீர்மானித்துவிடுகிறது.

ஒரு வேடிக்கையும் உண்டு. செல்போன் கேடு என்று படமெடுக்கப் பணம் போட்ட லைக்காவின் பிரதான வியாபாரம் எது? செல்போன் சிம் கார்டு! அயல்நாடுகளில் வேலைக்குப் போனவர்கள் ஊருக்குப் பேசுவதற்கு சிம் விற்றுப் பெருத்த கம்பெனி அது. 2018 நவம்பர் 29-ந் தேதி படம் வெளியாகுமுன் இந்தியச் செல்போன் கம்பெனிகளின் சங்கமும் கிளம்பியது; படம் தங்களை அவதூறு செய்கிறது, தணிக்கைச் சான்றை ரத்து செய்யுங்கள் என்று புகார் கொடுத்தது. செல்போன் பணம் படமெடுக்கிறது. செல்போன் பணமே தடை கேட்கிறது. லாபம் வருமானால் முதலாளித்துவம் தன்னைத் திட்டும் வசனத்தையும் டிக்கெட் போட்டு விற்கும்.

குருவியும் கழுகும்

கதிர்வீச்சு விஷயம் மெய்யா? இதில் நாம் கண்மூடிப் பேசக் கூடாது. கோபுரங்களால்தான் சிட்டுக்குருவி அழிகிறது என்பதற்கு நிரூபணம் இல்லை. 2020-ல் வெளியான இந்தியப் பறவைகளின் நிலை பற்றிய அறிக்கை, பெரிய நகரங்களில் குருவி குறைந்தாலும் நாடு முழுவதும் சேர்த்துப் பார்த்தால் பெரும்பாலும் நிலையாகவே இருக்கிறது என்றது.

அப்படியானால் பறவைகள் சாகவில்லையா? சாகின்றன. பிணந்தின்னிக் கழுகைப் பாருங்கள். 1990-களிலிருந்து நூற்றுக்குத் தொண்ணூற்றைந்துக்கு மேல் அழிந்துபோயின. மாட்டுக்கு வலி தீரப் போட்ட டைக்ளோஃபெனாக் என்ற மருந்துதான் காரணம். அந்த மாட்டின் பிணத்தைத் தின்ற கழுகுக்குச் சிறுநீரகம் கெட்டது. சலீம் அலி வளர்த்த பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகத்தின் விஞ்ஞானிகள் பரத்பூரில் கழுகுகளை எண்ணி எண்ணி, குறைகின்றன என்று எச்சரித்தார்கள். 2004-ல் பாகிஸ்தானில் நடந்த ஆராய்ச்சி காரணத்தைக் கண்டுபிடித்தது. 2006-ல் மாட்டுக்கு அந்த மருந்து தடை செய்யப்பட்டது. பிறகும் மனிதர்களுக்கான பெரிய குப்பிகள் மாட்டுக்குத் திருப்பிவிடப்பட்டன. 2015-ல் குப்பியின் அளவையும் குறைக்க வேண்டியதாயிற்று. எந்த ரோபோவும் பறந்து வரவில்லை. எண்ணினார்கள், நிரூபித்தார்கள், விடாமல் வற்புறுத்தினார்கள்.

இன்னும் பக்கத்தில் வேடந்தாங்கல். ஏரியில் பறவை எச்சம் கலந்த தண்ணீர் பயிருக்கு உரம் என்று கண்ட விவசாயிகள், 1798-லேயே வெள்ளைக்காரக் கலெக்டரிடம் பேசிப் பறவைகளைச் சுடக் கூடாதென்று உத்தரவு வாங்கினார்கள். சிவகங்கைப் பக்கம் கொள்ளுக்குடிப்பட்டி ஜனங்கள் பறவைகள் மிரளுமென்று தீபாவளிக்கு வெடியே வெடிப்பதில்லை. இவர்களுக்கு யார் வேஷம் கொடுத்தார்கள்?

நம் வில்லியனூருக்குப் பக்கத்திலேயே ஊசுட்டேரி இருக்கிறது. சுமார் 800 ஹெக்டேர்; பாதி புதுச்சேரி, பாதி தமிழ்நாடு. 2008-ல் நமது பகுதி பறவைகள் சரணாலயமாக அறிவிக்கப்பட்டது. தூர தேசங்களிலிருந்து பறவைகள் வந்து இறங்குகின்றன. அவற்றைக் கோபுரம் கொல்வதற்கு முன், தண்ணீரில் கலக்கும் கழிவும், கரையை நெருக்கும் மனைக்கட்டுகளும், வயலில் அடிக்கும் விஷமும் கொல்லும். பாகூர் ஏரிக்குப் பெண்ணையாற்றிலிருந்து தண்ணீர் கொண்டுவரும் பங்காரு வாய்க்காலில் மண் மேடிட்டால் ஏரியும் வற்றும், பறவையும் போகும், நடவுக்கூலியும் போகும். ஆயாவுக்கு இது தெரியும். அதனால்தான் கேட்டார்.

பெயர் ஓடும்போது எழுந்துவிடுகிறோம்

படத்தைப் பழிப்பதல்ல நமது நோக்கம். செல்போன்களெல்லாம் நகர்ந்து நகர்ந்து பறவையாகும் காட்சியைப் பார்த்து நாமும்தான் வாய் பிளந்தோம். அந்த வித்தை நமது உழைப்பாளிகளின் வித்தை. 2017 தீபாவளிக்கு வரவேண்டிய படம் ஒரு வருஷத்துக்கு மேல் தள்ளிப்போனதற்குக் காரணமே, கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்து ஒவ்வொரு இறகையும் செய்த கைகளின் வேலை முடியாததுதான். கதாநாயகன் இல்லாமல்கூடச் சில காட்சிகளை ஓட்டிவிடலாம். அவர்கள் இல்லாமல் பறவையே இல்லை. ஆனால் அவர்கள் பெயர் திரையில் ஓடும்போது நாம் எழுந்து கதவுப்பக்கம் போய்விடுகிறோம்.

2020 பிப்ரவரி 19-ந் தேதி இரவு, சென்னைக்கு அருகே ஈ.வி.பி. ஸ்டூடியோவில் இன்னொரு இரண்டாம் பாகத்துக்கு, 'இந்தியன் 2' படத்துக்கு, வேலை நடந்துகொண்டிருந்தபோது கிரேன் சாய்ந்து மூன்று பேர் மாண்டார்கள். அவர்களுக்கு இரண்டாம் பாகம் கிடையாது.

இந்த உழைப்பாளிகளுக்கும் ஸ்தாபனம் வேண்டுமென்று தென்னாட்டில் முன்னின்றவர்களில் நிமாய் கோஷும் எம்.பி. சீனிவாசனும் உண்டு. ஒருவர் காமிராக்காரர், ஒருவர் சங்கீதக்காரர். இருவரும் சேர்ந்துதான் 1960-ல் 'பாதை தெரியுது பார்' படத்தைக் கொடுத்தார்கள். சினிமாவை நாம் எப்போதுமே அந்நியமாக நினைத்ததில்லை.

மூன்றாம் பாகம்

வாலிபர்களே, கதாநாயகனுக்காகக் காத்திருக்கும் பழக்கம் தியேட்டரோடு நிற்பதில்லை. 2017 டிசம்பர் 31-ல் அரசியலுக்கு வருகிறேன் என்றார் ரஜினிகாந்த். 2020 டிசம்பர் 29-ல் உடல்நிலை இடம் தரவில்லை, கட்சி தொடங்கவில்லை என்று ஒளிவுமறைவின்றிச் சொன்னார். அதற்காக அவரை நாம் குறைகூறவில்லை. வயதான மனிதர், உண்மையைச் சொன்னார். ஆனால் இடைப்பட்ட மூன்று வருஷம் கொடியைத் தயாராக வைத்துக்கொண்டு காத்திருந்த தம்பிகளின் காலத்தை யார் திருப்பித் தருவது?

இந்தப் புதுச்சேரி மண்ணில் 1936 ஜூலை 30-ந் தேதி மில் தொழிலாளர்கள்மீது பிரெஞ்சு ஏகாதிபத்தியம் சுட்டது. பன்னிரண்டு பேர் மாண்டார்கள். அந்த ரத்தத்திலிருந்துதான் 8 மணி நேர வேலை உரிமை பிறந்தது. தோழர் வ. சுப்பையா தலைமை தாங்கினார் என்பது உண்மை. ஆனால் மில்லுக்குள் உட்கார்ந்து வேலையை நிறுத்தியவர்கள் பெயர் தெரியாத ஆயிரக்கணக்கானோர். யாரும் வேஷம் கொடுக்கக் காத்திருக்கவில்லை.

ஆயாவின் கேள்விக்கு நமது பதில் இதுதான்: பட்சிக்காரக் கிழவர் மனு கொடுத்தது தப்பல்ல; தனியாகக் கொடுத்ததுதான் தப்பு. தனி மனிதன் தோற்றால் தூக்குக் கயிறோ, பூதமோ ஆகிறான். ஊர் சேர்ந்து போனால் சங்கம் ஆகிறது. நமது வாய்க்கால் மனுவையும் நாம் நாலைந்து பேர்தான் எடுத்துப்போனோம். அது நமது குறை. ஒப்புக்கொள்கிறோம்.

ஆகவே வருகிற ஞாயிறு காலை 6 மணிக்குப் பாகூர் ஏரிக்கரைக்கு வாருங்கள். மண்வெட்டியும் கூடையும் கொண்டுவாருங்கள். வீட்டுப் பெண்களையும் அழைத்துவாருங்கள். நடவுக்காரர்கள் இல்லாமல் வாய்க்கால் கதை பேச முடியாது. உச்சிப்பொழுதுவரை நம்மால் ஆனதை வெட்டுவோம். திங்களன்று எல்லோரும் சேர்ந்து மனுவோடு ஆபீசுக்குப் போவோம். செல்போனைத் தூக்கி எறியச் சொல்லவில்லை. யந்திரம் நமக்குப் பகையல்ல. அதே செல்போனில் இன்றிரவே நாலு பேருக்குச் சேதி அனுப்புங்கள்.

டீக்கடைத் தம்பிகளுக்கும் சொல்லுங்கள்: வேஷம் காலியாகத்தான் இருக்கிறது. ஒருவருக்கல்ல, ஊர் முழுவதுக்கும் இடம் இருக்கிறது.