அபயமின்றித் தானமில்லை



மரணதண்டனைக் கைதியின் உறுப்புகளைப் பயன்படுத்தச் சீன அரசு 1984இல் விதி வகுத்தது. கைதியின் இசைவு, குடும்பத்தாரின் இசைவு, கேட்பாரற்ற உடல் ஆகியவற்றுள் ஒன்றே போதுமானதாயிற்று. 2015 சனவரி முதல் அவ்வழக்கம் கைவிடப்படும் என அறிவிக்கப்பட்டது.

கைதி மனமுவந்து ஈந்தால் அது தானமன்றோ எனச் சிலர் வினவுவர். அவ்விருப்பம் மெய்யாகவும் இருக்கலாம், இகழ்தற்குரியதன்று. ஆயினும் ஆகாரம், ஔடதம், சாத்திரம், அபயம் என்னும் நால்வகைத் தானங்களுள் அபயத்தை அவனுக்கு மறுத்த கையே அவனிடம் இரந்து நிற்றல் முறையோ?

கொலையைச் செய்தல், செய்வித்தல், உடன்படுதல் ஆகிய மூன்றும் வினையே என்பது அருகன் அறம். ஒருவன் பிழைக்க மற்றொருவனின் தண்டனை நாளை எதிர்நோக்குவது உடன்படுதலேயாம். உறுப்புத் தேவையெனில், அச்சமின்றி வாழும் இல்லறத்தாரே முன்வந்து ஈதல் வேண்டும்.