வீட்டுக் கடனும் வட்டிக் கணக்கும்



ராஜபாளையத்துப் பஞ்சாலைகளிலும் ஸ்ரீவில்லிபுத்தூர்த் தறிகளிலும் உழைக்கும் நம் மக்கள், சொந்த வீடு வேண்டுமென விரும்புவது நியாயமே. ஆனால், எழுத்தறியாக் காலத்தில் நம் முன்னோர் கைநாட்டு வைத்த கடன் பத்திரங்களை நாம் மறக்கலாகாது. இன்று கையொப்பமிடக் கற்ற நாமும் கணக்கறியாது ஒப்பமிட்டால், பெற்ற கல்வியால் பயன் என்ன?

10 இலட்சம் ரூபாயை, ஆண்டுக்கு நூற்றுக்கு 9 வட்டியில், 20 ஆண்டுத் தவணைக்குப் பெறுகிறோம் எனக் கொள்வோம். வட்டி மாறாதிருப்பின் மாதத் தவணை 8,997 ரூபாய். முதல் தவணையில் 7,500 ரூபாய் வட்டிக்கே போய்விடும். அசலில் கழிவது 1,497 ரூபாயே. பாதி அசல் தீரவே 14 ஆண்டுகள் ஆகும். முடிவில் நாம் செலுத்தியிருப்பது 21 இலட்சத்து 59 ஆயிரம் ரூபாய்!

அதே கடனை 15 ஆண்டுகளில் அடைத்தால் தவணை 10,143 ரூபாய். மாதம் 1,146 ரூபாய் கூடுதலாகக் கட்டுவதால் மிஞ்சுவது 3 இலட்சத்து 33 ஆயிரம் ரூபாய். அத்தொகை நம் பிள்ளையின் கல்லூரிப் படிப்புக்கு உதவுமன்றோ? மாறும் வட்டியில் தனிநபர் பெற்ற வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைப்போரிடம் வங்கிகள் அபராதம் வாங்கலாகாதென 2012இல் ரிசர்வ் வங்கி ஆணையிட்டதையும் அறிந்துகொள்வோம்.

ஆகவே, 'மாதம் எவ்வளவு?' என்பதோடு நில்லாது, 'மொத்தம் எவ்வளவு?' என்றும் கேட்டபின் ஒப்பமிடுவோம். படித்த இளைஞர்கள் அண்டை வீட்டாரின் பத்திரத்தையும் படித்து விளக்குதல் வேண்டும். நம் சங்கம் ஊட்டிய கல்விக்கு நாம் செலுத்தும் கைம்மாறு அதுவே.