தண்ணீர் நிற்கும் மாதங்கள்



தருமபுரி என்றால் வறட்சியும் ஃபுளோரைடு கலந்த நிலத்தடி நீரும்தான் வெளியூர்க்காரர்களுக்கு நினைவு வரும். இங்கே மீன் வளர்த்துப் பிழைப்பவர்களும் இருக்கிறார்கள். ஒகேனக்கல் பரிசல்களைப் படம் பிடிக்க ஆயிரம் பேர் வருகிறார்கள். ஏரியைக் குத்தகைக்கு எடுத்து மீன் வளர்ப்பவரை யாரும் எட்டிப் பார்ப்பதில்லை. அவருக்காகப் பேசத்தான் வந்திருக்கிறேன்.

தண்ணீர் எத்தனை மாதம் நிற்கும் என்பதே அவருடைய பெருங்கவலை. கட்லாவும் ரோகுவும் நல்ல விலைக்குப் போகும் எடைக்கு வர எட்டு, பத்து மாதம் ஆகும். ஐப்பசி மழையில் நிரம்பும் ஏரியோ சித்திரை வெயிலில் சேறாகிவிடுகிறது. பொடிக் குஞ்சாக விட்டால் பாதியை விராலும் கொக்கும் தின்னும். மிச்சத்தைக் கால் கிலோவிலேயே பிடித்து, கேட்ட விலைக்குத் தள்ள வேண்டும். குத்தகைப் பணம் திரும்பி வராது.

இதற்கு வழி இருக்கிறது. 1957 ஜூலை 10 அன்று மீன்வள விஞ்ஞானி ஹீராலால் சவுத்ரி ஹார்மோன் ஊசி போட்டுக் கெண்டை மீன்களை முட்டையிட வைத்தார். அந்த நாளைத்தான் தேசிய மீன் வளர்ப்போர் தினமாகக் கொண்டாடுகிறோம். ஆற்றில் குஞ்சு தேடி அலைந்த காலம் அதன் பிறகு மெல்ல மறைந்தது; இப்போது குஞ்சை விலைக்கு வாங்கலாம். ஆடியில் வாங்கிய குஞ்சையோ, போன வருடக் குஞ்சையோ சிறு குட்டையில் நெருக்கமாக வளர்த்து, ஏரி நிரம்பியதும் விரலைவிடப் பெரிதாக விட்டால், கோடைக்குள் தேறிவிடும். அதற்கு ஊரோரத்தில் ஒரு பண்ணைக்குட்டை போதும். நகர்ப்புற மீன் வளர்ப்பை நான் இங்கிருந்துதான் தொடங்குவேன். தொட்டியிலிருந்து அல்ல: கடன் வாங்கி, இடைவிடாமல் காற்று ஊத வேண்டிய பயோஃபிளாக் தொட்டி போட்டவருக்குச் சில மணி நேரம் மின்சாரம் நின்றாலே மொத்த மீனும் போய்விடும்.

நகரத்து ஏரிக்கு இன்னொரு ஆபத்து, சாக்கடை. அது கலந்தால் நீரில் ஆக்சிஜன் குறைந்து, விடியற்காலையில் மீன்கள் மேலே வந்து வாயைப் பிளந்து மூச்சுக்குத் தவிக்கும். வளர்த்தவர் மோட்டாரைப் போட்டுத் தண்ணீரை உயரத்திலிருந்து கொட்டுவார். கொல்கத்தாவின் கிழக்குச் சதுப்புநிலத்தில் கழிவுநீரிலேயே மீன் வளர்க்கிறார்கள் என்பது உண்மைதான். சதுப்புநிலங்களுக்கான பன்னாட்டு உடன்படிக்கையான ராம்சரின் தகுதியை 2002இல் பெற்ற இடம் அது. ஆனால், ஆழமில்லாத குளங்களில் வெயிலும் பாசியும் நீரைத் தெளிய வைத்த பிறகே அங்கே குஞ்சு விடுகிறார்கள். அந்தப் பொறுமை நம் நகராட்சிகளுக்கும் வேண்டும். அதை எடுத்துச் சொல்லும் படிப்பு, இன்று பட்டம் பெறும் மாணவர்களான உங்களிடம் இருக்கிறது.

வேலைக்கு விண்ணப்பம் போடுங்கள், மேற்படிப்புக்கும் போங்கள். அதற்கு முன், இந்த மழைக்காலம் தொடங்குமுன்பே, ஓர் ஏரிக்கரைக்குப் போய்க் குத்தகைதாரரோடு உட்கார்ந்து, எந்த மாதம் எந்த அளவுக் குஞ்சு விடுவது என்று கணக்குப் போட்டுக் கொடுத்துவிட்டு வாருங்கள்.