கண்டதும் காயம் சொல்வதும்

மாத்தளை மாவட்டத்து உக்குவளையில், அந்தி மயங்கும் வேளையிலே, மிளகுக் கொடி படர்ந்த தோட்டத்து ஒழுங்கையொன்றில் ஒருவன் கத்திக்குத்துக்கு இரையானான் எனக் கொள்க. இறந்தவனின் தம்பி அதனை நேரிற் கண்டதாகச் சொல்லுகிறான். “மூன்று முறை குத்தினான்” என்பது அவன் சாட்சியம். பிரேத பரிசோதனை செய்த சட்ட வைத்திய அதிகாரியோ, உடலில் இரண்டு காயங்களே உள்ளன என்கிறார். மேல் நீதிமன்றம் எதிரிக்கு மரண தண்டனை விதிக்கிறது. வழக்கு கொழும்பிலுள்ள மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்குச் செல்கிறது. அங்கே நீதியரசர்கள் கண்ணை நம்புவதா, காயத்தை நம்புவதா? வழக்கு கற்பனையே, கேள்வி கற்பனையன்று.

மேன்முறையீட்டில் சாட்சியின் முகம் தெரிவதில்லை. அவன் தடுமாறினானா, தயங்காது விடையளித்தானா என்பதை விளக்கம் நடத்திய நீதிபதியே கண்டவர். மேன்முறையீட்டு நீதியரசர்கள் முன் இருப்பது எழுத்திலமைந்த பதிவேடு மட்டுமே. ஆகவே, சாட்சியின் நடத்தை பற்றிய முடிவை அவர்கள் எளிதிற் கலைப்பதில்லை. ஆனால் வைத்திய அறிக்கை அவ்வாறன்று. காயத்தின் ஆழமும் திசையும் இரு மன்றங்களிலும் ஒரே மொழியிற் பேசுகின்றன.

1895 ஆம் ஆண்டின் சான்றுக் கட்டளைச் சட்டம் இவ்விரண்டுக்கும் தக்க இடம் வகுத்திருக்கிறது. ஒரு விடயத்தை நிரூபிக்க இத்தனை சாட்சிகள் வேண்டும் என்ற கணக்கில்லை என அதன் 134 ஆம் பிரிவு கூறுகிறது. நிபுணரின் அபிப்பிராயத்தை 45 ஆம் பிரிவு ஏற்கிறது. எனினும் அது அபிப்பிராயமே. வைத்தியர் செயலைக் கண்டவரல்லர். தம்பி கண்ட மூன்றாவது குத்து உடலிற் படாமலே போயிருக்கலாம். அச்சத்தில் உறைந்தவன் எண்ணிக்கை பிழைப்பதும் இயல்பே. கூறப்பட்ட முறையில் காயம் ஏற்பட்டிருக்கவே முடியாது என்று வைத்தியச் சான்று அறுதியிட்டாலன்றி, கண்கண்ட சாட்சியைத் தள்ளலாகாது என இந்திய உயர் நீதிமன்றம் 1983 இல், குஜராத்திலிருந்து வந்த சோலங்கி சிமன்பாய் வழக்கில் தெளிவாக்கியது.

முரண்பாடு எப்பொழுது உயிர்நிலையைத் தாக்குகிறது? அதே தம்பி, “இருபது யார் தொலைவில் நின்று துவக்காற் சுட்டான்” என்று சொல்ல, காயத்தைச் சுற்றித் தோல் கருகி, வெடிமருந்துப் புகை படிந்திருந்தால், சுட்டவன் மிக அருகில் நின்றிருக்க வேண்டும். இது எண்ணிக்கைத் தவறன்று. கண்டதாகச் சொல்பவன் கண்டானா என்னும் ஐயமே அங்கு பிறக்கிறது.

இதற்கு இலங்கை அறிந்த பெருஞ் சான்று, யூரர் முன் நடந்த சதாசிவம் வழக்கு. 1951 ஒக்டோபர் 9 ஆம் திகதி, புகழ்பெற்ற கிரிக்கெட் வீரர் மகாதேவ சதாசிவத்தின் மனைவி பம்பலப்பிட்டியிலுள்ள இல்லத்தில் கழுத்து நெரிக்கப்பட்டு இறந்தார். எசமானுக்குத் தான் உதவியதாக வேலையாள் வில்லியம் கூறி, நிபந்தனை மன்னிப்புப் பெற்றுச் சாட்சியமளித்தான். சதாசிவம் வீட்டை விட்டு வெளியேறியது காலை பத்தரை மணியளவில். உடல் குளிர்ந்த அளவைக் கொண்டு, மரணம் அதற்குப் பின்னரே நேர்ந்திருக்க வேண்டும் என்ற முடிவுக்குப் பேராசிரியர் ஜீ. எஸ். டபிள்யூ. டி சேரம் வந்தார். எடின்பரோவைச் சேர்ந்த சேர் சிட்னி ஸ்மித்தும் எதிரி தரப்பில் சாட்சியமளித்தார். கலாநிதி கொல்வின் ஆர். டி சில்வா வாதாடினார். 1953 ஜூன் 25 ஆம் திகதி யூரர் எதிரியை நிரபராதி எனக் கண்டனர். வெப்பமானியின் அளவு, கண்டேன் என்றவனின் சொல்லை வென்றது.

ஆயினும் வெப்பமானியும் பிழைபடலாம். உடல் குளிரும் வேகம் உடலின் பருமனாலும், உடையாலும், சுற்றியுள்ள காற்றாலும் மாறும். தூக்கிலிடப்பட்ட 41 பேரின் உடல்களை அளந்த ஆய்வொன்றை டி சேரமும் துணைவரும் 1955 இல் வெளியிட்டமை, இவ்வெப்பமண்டல நாட்டுக்கு உரிய அளவுகோலைத் தேடியதனாலேயே.

இலங்கையில் 1976 ஆம் ஆண்டுக்குப் பின் எவரும் தூக்கிலிடப்படவில்லை. எனினும் மரண தண்டனை விதிக்கப்பட்டே வருகிறது. குற்றவாளி தப்பினால் இறந்தவனின் குடும்பத்துக்கு நீதி இல்லை. நிரபராதி சிக்கினால் இன்னொரு குடும்பம் அழியும். ஆதலின் நீதியரசர் கேட்க வேண்டிய வினா, கண்ணா காயமா என்பதன்று. இரண்டும் ஒருங்கே உண்மையாக இருத்தல் கூடுமா என்பதே. கூடுமாயின் தீர்ப்பு நிலைக்கும். கூடாதாயின், எழும் நியாயமான ஐயத்தின் பயன் எதிரிக்கே உரியது.